சிரிக்க என்ன படிக்கலாம்? வாசகர் கேள்வி – பதில்

அன்றாட வாழ்க்கையில் இருக்கும் சிரிப்பைப் பற்றிய புத்தகங்கள் குறித்துக் கேள்வி அனுப்பச் சொல்லிப் போன இதழில் கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் பெரும்பாலானவை காவிரிப் படுகைப் பக்கத்திலிருந்துதான். தமிழில் வாய்விட்டுச் சிரிக்க வைத்தவர்களில் பலர் இந்தப் பக்கம் பிறந்தவர்கள் என்பதால் எனக்கு அதில் ரொம்ப சந்தோஷம். சில கேள்விகளைச் சுருக்கியிருக்கிறேன்.

என் அப்பாவுக்கு 78 வயது. இடுப்பு எலும்பு முறிந்து படுக்கையில் இருக்கிறார். ஊரையே சிரிக்க வைத்த மனிதர், இப்போது வாயே திறப்பதில்லை. கண் பார்வையும் மங்கிவிட்டது. சாயங்காலம் நான் படித்துக் காட்டலாம் என்று ஜோக் புத்தகம் இரண்டு வாங்கி வந்தேன். பத்து பக்கம் தாண்டுவதற்குள் "போதும்மா" என்றுவிட்டார். வேறு என்ன படிப்பது?
– வாசகி, வலங்கைமான்

ஜோக் புத்தகம் அலுத்துப் போனதில் வியப்பில்லை அம்மா. ஒரு துணுக்கு முடிந்ததும் அதில் வந்த ஆள் போய்விடுகிறார், அடுத்ததில் வேறொரு டாக்டர், வேறொரு நோயாளி, பழகிக்கொள்ள யாருமே இல்லை. படுத்திருப்பவருக்கு வேண்டியது தினமும் சாயங்காலம் வீட்டுக்கு வந்து போகிற ஒரு ஆள். தேவனிலிருந்து ஆரம்பியுங்கள். திருவிடைமருதூரில் 1913-ல் பிறந்து, கும்பகோணம் அரசுக் கல்லூரியில் படித்து, ஆனந்த விகடனில் பல வருடம் பொறுப்பில் இருந்து, 1957-ல் 43 வயதிலேயே போய்விட்டவர். அவருடைய ‘துப்பறியும் சாம்பு’ உங்கள் அப்பா இளம் வயதில் படித்ததாகவே இருக்கலாம். பாங்கில் குமாஸ்தாவாக இருந்து வேலை போன ஒரு அசட்டு மனிதர், துப்பறிபவராகி, தப்புத் தப்பாக எதையோ செய்யப் போய்க் குற்றவாளி தானாக வந்து மாட்டிக்கொள்வார். இன்ஸ்பெக்டர் கோபாலன் அதைப் பார்த்து அசந்து போவார். கதை ஒன்றுக்கு ஒரு சாயங்காலம் போதும். நேற்று எங்கே விட்டோம் என்று தேட வேண்டியதில்லை.

சாம்பு பிடித்துவிட்டால் அடுத்தது ‘ராஜத்தின் மனோரதம்’. ஒரு குடும்பம் சொந்த வீடு கட்டப் படும் பாடுதான் முழுப் புத்தகமும். மனை பார்ப்பது, யோசனை சொல்ல வருகிறவர்கள், கொத்தனார், செலவுக் கணக்கு என்று வீடு கட்டிய ஒவ்வொருவருக்கும் தெரிந்த சங்கதி. அப்பா வீடு கட்டியவராக இருந்தால் நடுவில் நிறுத்தி அவர் கதையைச் சொல்ல ஆரம்பிப்பார். சொன்னால் புத்தகத்தை மூடி வைத்துவிட்டுக் கேளுங்கள். நீங்கள் எதற்காகப் படித்துக் காட்டுகிறீர்களோ அது அங்கேயே நடந்துவிட்டது.

உ.வே. சாமிநாதையரின் ‘என் சரித்திர’த்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அது சுயசரிதைதானே என்று கேட்பீர்கள். முதல் அத்தியாயத்தைப் படித்துப் பாருங்கள். உங்களுக்குப் பக்கத்து ஊர்தான், பாபநாசத்தை ஒட்டிய உத்தமதானபுரம். தஞ்சாவூர் ராஜா ஒருவர் பரிவாரத்தோடு அந்தப் பக்கம் வந்து தங்கியபோது ஒரு நாள் சாப்பிட்டுத் தாம்பூலமும் போட்டுக்கொண்டார், அப்புறம்தான் அன்றைக்கு ஏகாதசி என்று தெரிந்தது. விரதம் கெட்டுப் போனதே என்று பதறிப் பரிகாரம் கேட்க, பெரியவர்கள் ஒரு அக்கிரகாரம் கட்டித் தானம் செய்யச் சொன்னார்கள். அப்படிப் பிறந்ததாம் அந்த ஊர். இதைத் தமிழ்த் தாத்தா சாமிநாதையர் எந்த அலட்டலும் இல்லாமல், திண்ணையில் உட்கார்ந்து சொல்கிற மாதிரி சொல்லிக்கொண்டு போவார். அவர் எழுத்தில் சிரிப்பு தனியாகத் தெரியாது, வாக்கியத்துக்கு அடியில் ஓடிக்கொண்டே இருக்கும். 1940-லிருந்து விகடனில் வாராவாரம் வந்ததால் அத்தியாயங்களும் கைக்கு அடக்கமானவை, சத்தமாகப் படிக்க ஏற்றவை.

ஒரு சின்ன விஷயம். அவர் சிரிக்கிறாரா என்று ஒவ்வொரு வரிக்கும் முகத்தைப் பார்க்காதீர்கள். உங்களுக்குச் சிரிப்பு வந்தால் நீங்கள் சிரியுங்கள், அது போதும்.

நகைச்சுவை எழுத்தெல்லாம் இலக்கியம் ஆகாது, பொழுதுபோக்குதான் என்று என் நண்பன் அடித்துச் சொல்கிறான். என்ன பதில் சொல்வது?
– கல்லூரி மாணவர், மன்னார்குடி

தொல்காப்பியத்தைக் காட்டுங்கள். மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகளை, அதாவது உடம்பில் வெளிப்படும் உணர்ச்சிகளைச் சொல்லும்போது தொல்காப்பியர் முதலில் வைப்பது நகை, சிரிப்புதான். அழுகை அதற்கு அடுத்துத்தான் வருகிறது. நகை எதிலிருந்து பிறக்கும் என்பதற்கும் நூற்பா உண்டு, ‘எள்ளல் இளமை பேதைமை மடன்’ என்று நான்கு. எள்ளல் என்றால் பிறரைக் கேலி செய்வது.

தமிழின் முதல் நாவலே சிரிப்போடுதான் வந்தது. மாயவரத்தில் முன்சீபாக இருந்த வேதநாயகம் பிள்ளை 1879-ல் ‘பிரதாப முதலியார் சரித்திர’த்தை வெளியிட்டார். செல்லம் கொடுத்துக் கெடுத்த பணக்கார வீட்டுப் பையன், அவனுக்குப் படிப்புச் சொல்லித்தர வந்து மாட்டிக்கொண்ட உபாத்தியாயர் என்று தொடங்கும் அந்தக் கதையில் கோர்ட்டு, வக்கீல், லஞ்சம் என எதையும் அவர் விட்டு வைக்கவில்லை. நீதிபதியாகக் கோர்ட்டில் உட்கார்ந்து ஊர் வழக்கையெல்லாம் கேட்டவர் என்பது பக்கத்துக்குப் பக்கம் தெரியும். நடுநடுவே நீதி சொல்ல ஆரம்பித்துவிடுவார், அந்த இடங்களில் கொஞ்சம் பொறுமை வேண்டும்தான். இருந்தாலும் நூற்றைம்பது வருடம் ஆகப் போகிற உரைநடை இன்றைக்கும் சிரிப்பு மூட்டுகிறது என்றால் சாதாரணமா?

புதுமைப்பித்தனின் ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ கதையையும் நண்பனுக்குக் கொடுங்கள். படித்துவிட்டு, இது பொழுதுபோக்கா இலக்கியமா என்று அவரே சொல்லட்டும்.

காளமேகப் புலவர் எங்கள் ஊர்ச் சத்திரத்தைத் திட்டிப் பாடினார் என்கிறார்களே, என்ன பாட்டு அது?
– வாசகர், நாகப்பட்டினம்

திட்டினார், அப்புறம் அதையே வாழ்த்து என்றும் சொன்னார் என்பது கதை. பாட்டு இதுதான்:

கத்துகடல் சூழ்நாகைக் காத்தான்தன் சத்திரத்தில்
அத்தமிக்கும் போதில் அரிசிவரும் – குத்தி
உலையிலிட ஊரடங்கும் ஓரகப்பை அன்னம்
இலையிலிட வெள்ளி எழும்.

பசியோடு சத்திரத்துக்கு வந்து காத்திருக்கிறவனின் ஒரு ராத்திரி முழுக்க இந்த நாலு வரியில் இருக்கிறது. பொழுது சாய்கிற நேரத்தில்தான் அரிசியே வருகிறது. அதைக் குத்தி உலையில் போடுவதற்குள் ஊர் அடங்கிவிடுகிறது. ஒரு அகப்பைச் சோறு இலையில் விழும்போது கிழக்கே விடிவெள்ளி. பாருங்கள், ‘தாமதம்’ என்று அவர் எங்கும் சொல்லவே இல்லை, கோபமாக ஒரு வார்த்தை கூட இல்லை. என்னென்ன நேரத்தில் என்னென்ன நடந்தது என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டு போகிறார், அவ்வளவுதான்.

சத்திரத்துக்காரர் காத்தான் பதறிப் போய்க் கெஞ்ச, புலவர் அதே பாட்டுக்கு வேறு பொருள் சொன்னாராம். ஊரெல்லாம் பஞ்சத்தில் அரிசி தீர்ந்து போகும் காலத்திலும் இங்கே அரிசி வந்து குவியும், உலையில் இட்டால் ஊரார் பசி அடங்கும், இலையில் விழும் சோற்றின் வெண்மையைப் பார்த்து வெள்ளியே நாணி எழுந்து போகும் என்று. காளமேகத்தின் தனிப்பாடல்கள் உரையோடு மலிவு விலையில் கிடைக்கின்றன. உரை இல்லாத பதிப்பை வாங்க வேண்டாம், பாதி நயம் கைநழுவிப் போகும்.

மனிதன் ஏன் சிரிக்கிறான் என்று விஞ்ஞானமாக எழுதிய புத்தகம் உண்டா? சிரித்தால் நோய் தீரும் என்று வாட்ஸ்அப்பில் தினமும் வருகிறது, அது உண்மையா?
– ஓய்வுபெற்ற ஆசிரியர், திருவையாறு

உண்டு ஐயா. ஆங்கிலத்தில் படிப்பீர்கள் என்றால் ராபர்ட் புரொவைன் 2000-ல் எழுதிய புத்தகத்தைச் சொல்வேன். நரம்பியல் ஆராய்ச்சியாளர். சிரிப்பை ஆராய்ச்சிக்கூடத்துக்குள் வரவழைத்துப் பார்த்து அது சரிப்படாமல், மாணவர்களோடு கடைத்தெருவுக்கும் நடைபாதைக்கும் போய், மக்கள் தங்களுக்குள் பேசிச் சிரிப்பதை ஒட்டுக்கேட்டுக் குறித்துக்கொண்டார். அப்படிச் சேர்த்த 1,200 சிரிப்புகளைப் பார்த்தால் ஒரு சங்கதி தெளிவாகத் தெரிந்தது. பெரும்பாலான சிரிப்புக்கு முன்னால் ஜோக்கே இல்லை. ‘சரி, அப்புறம் பார்க்கலாம்’ என்பது போன்ற சாதாரணப் பேச்சுக்குத்தான் மக்கள் சிரித்திருக்கிறார்கள். கேட்கிறவரை விடச் சொல்கிறவர்தான் அதிகம் சிரிக்கிறார் என்றும், தனியாக இருக்கும்போது சிரிப்பதை விட நாலு பேரோடு இருக்கும்போது முப்பது மடங்கு அதிகமாகச் சிரிக்கிறோம் என்றும் அவர் எழுதுகிறார். திருவையாற்றில் காலை நேரத்து டீக்கடையில் கால் மணி நேரம் உட்கார்ந்தால் நீங்களே இதைப் பார்க்கலாம், அங்கே யாரும் ஜோக் சொல்வதில்லை, ஆனாலும் சிரிப்புச் சத்தம் ஓயாது. வள்ளுவர், நகல்வல்லர் அல்லாதவர்க்கு இந்தப் பெரிய உலகம் பகலிலும் இருட்டு என்கிறார் (குறள் 999). பிறரோடு கலந்து பழகி மகிழத் தெரியாதவரைச் சொல்கிறார். இந்தக் குறளையும் அந்த ஆராய்ச்சியையும் அடுத்தடுத்துப் படித்தபோது எனக்கு மெய் சிலிர்த்தது.

நோய் விஷயத்துக்கு வருவோம். வாட்ஸ்அப்பில் சுற்றுவதில் பலதும் நார்மன் கசின்ஸ் என்ற அமெரிக்கப் பத்திரிகை ஆசிரியர் 1979-ல் வெளியிட்ட புத்தகத்திலிருந்து கிளம்பியது. முதுகெலும்பை முடக்கும் கடுமையான நோயில் படுத்திருந்தபோது, பத்து நிமிடம் வயிறு குலுங்கச் சிரித்தால் இரண்டு மணி நேரம் வலியில்லாமல் தூங்க முடிந்தது என்று எழுதினார். நல்ல புத்தகம், தைரியம் தரும் புத்தகம். ஆனால் அது ஒரே ஒரு மனிதரின் அனுபவம், அவர் வைட்டமின் சி-யும் அதிக அளவில் எடுத்துக்கொண்டிருந்தார். சிரிப்பு வலியைக் கொஞ்சம் மறக்க வைக்கும், மனது லேசாகும், அது வரைக்கும் சரி. அதை நம்பி யாரும் சர்க்கரை மாத்திரையையோ பிரஷர் மாத்திரையையோ நிறுத்தக் கூடாது. அப்படிச் சொல்லி வருகிற செய்தியை தயவுசெய்து யாருக்கும் அனுப்பாதீர்கள்.

என் கணவர் எந்த விசேஷத்துக்குப் போனாலும் என் நிறத்தையும் உடம்பையும் வைத்து ஏதாவது சொல்லி எல்லோரையும் சிரிக்க வைக்கிறார். முகம் சுண்டிப் போனால் "தமாஷைத் தமாஷா எடுத்துக்கத் தெரியலையே" என்கிறார். நல்ல நகைச்சுவை என்றால் என்ன என்று அவருக்குப் புரிய வைக்க ஒரு புத்தகம் சொல்லுங்கள்.
– வாசகி, கும்பகோணம்

புத்தகம் வேண்டாம் சகோதரி. அவருக்குப் புரியாமல் இல்லை. தன் முதலாளியின் வழுக்கையைப் பற்றி அவர் முதலாளி வீட்டுக் கல்யாணத்தில் வேடிக்கை பேசுவாரா? மாட்டார். எங்கே பேசலாம், எங்கே கூடாது என்பது அவருக்குத் தெரிந்தே இருக்கிறது. வீட்டில் தனியாக இருக்கும் நேரம் பார்த்து, சண்டை இல்லாத ஒரு நாளில், "இது எனக்கு வலிக்கிறது, இனிமேல் நாலு பேர் முன்னால் சொல்லாதீர்கள்" என்று சொல்லுங்கள். காரணம் விளக்கிக்கொண்டு நிற்க வேண்டாம். அடுத்த விசேஷத்தில் மறுபடி சொன்னால் நீங்கள் கூடச் சேர்ந்து சிரிக்காதீர்கள், சங்கடத்தை மறைக்க நாம் சிரிக்கிற அந்தச் சிரிப்பைத்தான் அவர்கள் அனுமதி என்று எடுத்துக்கொள்கிறார்கள். அந்த இடத்தில் மாமியாரோ நாத்தனாரோ ஒருவர் "போதும்பா, விடு" என்று சொன்னால் பாதிப் பிரச்சினை தீரும், அப்படிச் சொல்லக்கூடியவர் யார் என்று யோசித்து அவரிடம் முன்கூட்டியே பேசி வையுங்கள்.

இதைப் படிக்கிற மற்றவர்களுக்கும் ஒன்று சொல்கிறேன். பழைய பத்திரிகைத் துணுக்குகளில் மனைவியின் பருமன், மாமியாரின் வாய், திக்கிப் பேசுகிறவர், காது கேட்காதவர் என்று நிறைய வரும். தொல்காப்பியர் சொன்ன எள்ளல் அதுதான், அதற்கும் சிரிப்பு வரத்தான் செய்யும், அதற்காக அது நல்லதாகிவிடாது. சாம்புவும் அசடுதான். ஆனால் தேவன் அவரை ஒரு இடத்திலும் கேவலப்படுத்தவில்லை, சாம்புவும் மனைவி வேம்புவும் வாழ்கிற வீட்டில் அன்பு குறையாமல் பார்த்துக்கொள்கிறார். வாசிக்கிற நமக்கு சாம்பு ஜெயித்தால் சந்தோஷமாக இருக்கிறது. இந்த வித்தியாசத்தை வீட்டுப் பிள்ளைகளுக்குச் சின்ன வயதிலேயே காட்டிக்கொடுக்க வேண்டும்.

பன்னிரண்டு வயதுப் பையனுக்கு ஒரே ஒரு புத்தகம்?
– வாசகர், சீர்காழி

வீரமாமுனிவரின் ‘பரமார்த்த குருவின் கதை’. இத்தாலியிலிருந்து வந்து கொள்ளிடக் கரை ஏலாக்குறிச்சியில் வாழ்ந்தவர். குருவும் ஐந்து சீடர்களும் ஆற்றைக் கடக்க வருகிறார்கள், ஆறு தூங்குகிறதா விழித்திருக்கிறதா என்று சீடன் ஒருவன் கொள்ளிக்கட்டையைத் தண்ணீரில் வைத்துப் பார்க்கிறான், சுர்ரென்று புகை கிளம்ப, ஆறு விழித்துக்கொண்டது என்று அலறி ஓடி வருகிறான். கொள்ளிடத்தைப் பார்த்து வளர்கிற பையனுக்கு அது உடனே பிடிக்கும். கொஞ்சம் பழைய நடை, முதல் கதையை நீங்கள் கூட உட்கார்ந்து படியுங்கள்.

எங்கள் ஊரில் நடவு வயலிலும் டீக்கடையிலும் கேட்கிற கேலிப் பேச்சையெல்லாம் எழுதி வைக்க ஆசை. எழுதினால் சிரிப்பு வரமாட்டேன் என்கிறது. ஒன்றை அனுப்பியிருக்கிறேன், பார்த்துச் சொல்லுங்கள்.
– விவசாயி, ஒரத்தநாடு

நீங்கள் அனுப்பியது அருமையாக இருக்கிறது. கொள்முதல் நிலையத்து வாசலில் நெல்லைக் கொட்டிவிட்டு, தார்ப்பாய் போட்டு மூடி, ராத்திரி பகலாகக் காவல் கிடக்கிறார்கள். ஈரப்பதம் 17 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும். முதல் நாள் 18 என்று காட்டிய கருவி, ஒரு நாள் முழுக்க வெயிலில் காயவைத்த பிறகு 19 என்கிறது. அப்போது பெரியவர் ஒருவர் சொல்கிறார்: "வெயில்ல காயக் காய ஈரம் ஏறுற நெல்லு எங்க ஊர்லதான் தம்பி வெளையுது. புது ரகம்னு ஒரு பேரு வச்சிருவமா?" கருவியைப் பிடித்திருந்த பையனே சிரித்துவிட்டான் என்று எழுதியிருக்கிறீர்கள். அதோடு நிறுத்தியிருக்கலாம். கீழே ஒரு பாராவில் விவசாயியின் துயரம், அரசு கவனிக்க வேண்டியது என்று விளக்கியிருக்கிறீர்களே, அதை அடித்துவிடுங்கள். அந்தத் துயரம் முழுவதும் பெரியவர் கேட்ட கேள்வியிலேயே வந்துவிட்டது. அதுவும் கெட்ட வார்த்தை இல்லாமல், அந்தப் பையனைப் புண்படுத்தாமல் கேட்கிறார். காளமேகம் சத்திரத்தில் செய்ததும் இதேதான்.

இன்னும் சில. பேசியபடியே எழுதுங்கள், ‘விளைகிறது’ என்று திருத்தாதீர்கள். யார் யாரிடம் சொன்னது, என்ன முறை என்று ஒரு வரியில் சொல்லிவிடுங்கள், மச்சான் சொன்னால் கேலியாக இருப்பது சித்தப்பா சொன்னால் வேறு அர்த்தமாகிவிடும். ‘எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்’ என்று எழுதவே வேண்டாம். பெயரை மாற்றுங்கள், ஊரில் நாளைக்கும் அவர்கள் முகத்தில் விழிக்க வேண்டும். நடவு வயலில் பெண்கள் வரப்பில் போகிற ஆம்பளையைக் கேலி செய்து பாடுவதை அவர்களிடம் கேட்டுவிட்டு எழுதுங்கள், சிலது வயலோடு இருக்க வேண்டியது என்று அவர்களே சொல்லுவார்கள். நடவு இயந்திரம் வந்த பிறகு அந்தப் பாட்டுக் கேட்பது குறைந்துகொண்டே போகிறது, அதனால் தள்ளிப் போடாதீர்கள்.

கோபுலுவின் படங்கள் தொகுப்பாகப் பார்க்கத்தக்கவையா?
– வாசகி, தஞ்சாவூர்

கண்டிப்பாக. உங்கள் ஊர்க்காரர், 1924-ல் தஞ்சாவூரில் பிறந்து கும்பகோணம் ஓவியப் பள்ளியில் படித்தவர். ‘தில்லானா மோகனாம்பாள்’ தொடர்கதையில் நாதஸ்வரக்காரரும் தவில்காரரும் கண்ணெதிரே நிற்பதற்கு அவர் கோடுதான் காரணம். வசனமே இல்லாமல் அவர் போட்ட நகைச்சுவைப் படங்களை முதலில் பாருங்கள். கல்யாணப் பந்தி, ரயில் பெட்டி, கோயில் கூட்டம் எதுவானாலும் ஓரத்தில் நிற்கிற ஆளைக் கவனியுங்கள், அவருக்கும் ஒரு கதை வைத்திருப்பார்.

இந்தப் பழைய புத்தகங்கள் எல்லாம் எங்கே கிடைக்கும்? விலை கொடுத்து வாங்க வசதியில்லை.
– வாசகர், மயிலாடுதுறை

‘பிரதாப முதலியார் சரித்திரம்’ மதுரைத் திட்டத்தின் தளத்தில் இலவசமாகவே இருக்கிறது, செல்போனில் இறக்கிப் படிக்கலாம். பழைய அச்சுப் பிரதிகளுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் தேடுங்கள். தேவன், கல்கி இருவருக்கும் உங்கள் ஊர் நூலகத்தில் கேளுங்கள். கல்கி பிறந்த புத்தமங்கலம் உங்களுக்குப் பக்கம்தான், நாவல்களுக்கு முன்னால் அவர் விகடனில் எழுதிய ‘ஏட்டிக்குப் போட்டி’ போன்ற கட்டுரைகளைத் தேடிப் பிடியுங்கள், அந்தக் கல்கியைப் பலருக்குத் தெரியாது. அலமாரியில் இல்லையென்றால் நூலகரிடம் எழுதிக் கொடுங்கள், நாலைந்து பேர் சேர்ந்து கேட்டால் வாங்கிப் போட வாய்ப்பு அதிகம்.